பார்த்துச் சொன்ன குரல்கள்

சென்னை வானொலியின் முதல் அலைவரிசை 416.7 மீட்டர், அதாவது 720 கிலோ ஹெர்ட்ஸ். எண்பதுகளில் வேங்கிக்காலில் டிரான்சிஸ்டர் இருந்த வீடுகளில் முள் பெரும்பாலும் இந்த இடத்தில்தான் நிற்கும். தை பிறக்கிற வாரம் என்றால் கேட்கவே வேண்டாம். சேப்பாக்கத்தில் பொங்கல் டெஸ்ட் நடந்துகொண்டிருக்கும். ஏரியில் மாடு குளிப்பாட்டப் போகிறவர்கூட கரையோர வேப்பங்கிளையில் ரேடியோவை மாட்டிவிட்டுத்தான் தண்ணீரில் இறங்குவார். 1982 ஜனவரியில் இங்கிலாந்துக்கு எதிராக குண்டப்பா விஸ்வநாத் 222, யஷ்பால் சர்மா 140. இருவரும் சேர்ந்து எடுத்தது 316. அந்த ஆட்டத்தை வேங்கிக்காலில் யாரும் பார்க்கவில்லை. ஆனால் விஸ்வநாத்தின் ஸ்கொயர் கட் எப்படி இருக்கும் என்று கேட்டால், எழுந்து நின்று கையை வீசிக் காட்ட ஊரில் பத்துப் பேராவது இருந்தார்கள்.

அன்றைய வேங்கிக்கால், திருவண்ணாமலையிலிருந்து வேலூர் போகும் சாலையில் ஏரியை ஒட்டிய ஒரு கிராமம். மாவட்டம் வட ஆற்காடு. ஆட்சியரிடம் மனு கொடுக்க வேலூர் போக வேண்டும். 1989 செப்டம்பர் 30 அன்று திருவண்ணாமலை தனி மாவட்டமானது. இன்று ஆட்சியர் அலுவலகமே வேங்கிக்காலில் இருக்கிறது. அதைச் சுற்றி நகர்களும் கடைகளும் உணவகங்களும் வரிசை கட்டிவிட்டன. சென்னைக்கு அன்றும் இன்றும் ஏறத்தாழ 190 கிலோமீட்டர்தான். அந்தத் தூரத்தை மத்திய அலையில் தாண்டி வரும் குரல் உச்சி வெயிலில் மெலிந்துவிடும். பெட்டிக்குள் இருக்கும் ஃபெரைட் தண்டு நிலையம் இருக்கும் திசைக்குக் குறுக்காகக் கிடந்தால்தான் ஒலி நன்றாகப் பிடிக்கும். இந்த அறிவியல் தெரியாமலே எல்லோரும் ரேடியோவை வடகிழக்கு பார்த்துத் திருப்பித் திருப்பிச் சரியான கோணத்தைக் கண்டுபிடித்திருந்தார்கள். மலை நமக்குத் தென்மேற்கே இருக்கிறது, சென்னை வடகிழக்கே. ஆனாலும் கரகரப்பு வந்தால் பழி என்னவோ மலை மேல்தான்.

ரேடியோ வைத்துக்கொள்ள அஞ்சலகத்தில் பணம் கட்டி உரிமம் வாங்கிய காலம் அது. எண்பதுகளின் நடுவில்தான் அந்த உரிமம் முற்றாக ஒழிந்தது. அதனால் ஒரு தெருவுக்கு ஒரு பெட்டி என்றாலும் அதுவே பெரிது. முடிதிருத்தும் கடையில் ஒன்று இருக்கும், டீக்கடையில் ஒன்று. ஸ்கோர் கேட்க சைக்கிளை நிறுத்துகிறவர் ஒரு காலைத் தரையில் ஊன்றியபடியே ஒரு ஓவர் முழுக்கக் கேட்டுவிட்டுத்தான் மிதிப்பார்.

அந்தக் குரல்களில் தமிழ் நேயர்கள் மறக்காத ஒன்று சாத்தான்குளம் அப்துல் ஜப்பாருடையது. கிரிக்கெட் ஆடிப் பெயர் வாங்கியவர் அல்லர் அவர். வானொலி நாடகக் குரலாக அறியப்பட்டவர். நாடகத்துக்கு வாய்த்த ஏற்ற இறக்கத்தோடு மைதானத்துக்கு வந்து, நல்ல தமிழில் ஆட்டத்தைச் சொன்னார். வர்ணனையோடு அவர் நிற்கவும் இல்லை. 2002-இல் கிளிநொச்சியில் நடந்த விடுதலைப் புலிகளின் செய்தியாளர் சந்திப்புக்குப் போய்வந்து ‘அழைத்தார் பிரபாகரன்’ என்று ஒரு நூலும் எழுதினார். 2020 டிசம்பரில் அவர் காலமானபோது அஞ்சலி எழுதியவர்களில் பலர் அவர் முகத்தைப் பார்த்தே இராதவர்கள்.

வானொலி வர்ணனைக்கு எழுதாத இலக்கணம் ஒன்று உண்டு. எந்த முனையிலிருந்து பந்து வருகிறது, வீசுகிறவர் யார், களத்தடுப்பு எப்படி நிற்கிறது, பந்து எங்கே குத்தியது, மட்டையாளர் முன்காலில் வந்தாரா பின்காலில் போனாரா, பந்து எந்தத் திசையில், யார் துரத்துகிறார், எத்தனை ஓட்டம், மொத்தம் எவ்வளவு. இவ்வளவையும் அடுத்த பந்துக்கு முன்னால் சொல்லி முடித்துவிட வேண்டும். ஒன்று விட்டுப்போனாலும் கேட்கிறவன் தலைக்குள் இருக்கும் மைதானத்தில் ஓர் ஆள் காணாமல் போவான். பட்டாபிராமன் வாயில் முனை எங்கே இருக்கிறது என்று சேப்பாக்கம் போகாத எங்களுக்கும் தெரிந்திருந்தது. எங்கள் மனதில் அது ஏரி மதகுப் பக்கம் இருந்தது, அவ்வளவுதான்.

இந்த வித்தை இந்தியாவுக்கு வந்தது 1934-இல். பம்பாயில் பார்சிகளும் முஸ்லிம்களும் ஆடிய ஆட்டத்தை ஏ.எஃப்.எஸ். தல்யார்கான் ஆங்கிலத்தில் வர்ணித்தார். நாள் முழுக்க ஒற்றை ஆளாகப் பேசுவார்; ஒலிவாங்கியை இன்னொருவரோடு பகிர அவருக்குச் சம்மதமில்லை. பின்னால் ஆங்கிலமும் இந்தியும் மாறி மாறி வந்தன. தமிழுக்குக் கிடைத்தது பெரும்பாலும் சென்னையில் நடக்கும் ஆட்டங்கள். ஆண்டில் மிகச் சில நாட்கள். மற்ற நாட்களில் ஆங்கிலம் தெரிந்த ஒருவர் ரேடியோவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து தெருவுக்கு மொழிபெயர்ப்பார். இந்தி முறை வரும்போது அவரும் எங்களோடு சேர்ந்து எண்களை மட்டும் பொறுக்குவார்.

1983 ஜூன் 18. டன்பிரிட்ஜ் வெல்ஸில் ஜிம்பாப்வேக்கு எதிராக 17 ஓட்டங்களுக்கு ஐந்து விக்கெட் போன பிறகு கபில்தேவ் ஆட்டமிழக்காமல் 175 எடுத்தார். அதைப் படம் பிடிக்க அங்கே கேமரா இல்லை. இன்றுவரை அந்த ஆட்டத்தைத் திரையில் பார்த்தவர் எவருமில்லை. 2021-இல் வந்த திரைப்படத்தில் அதை நடித்துத்தான் காட்ட வேண்டியிருந்தது. ஒரு வாரம் கழித்து, ஜூன் 25 அன்று உலகக் கோப்பை இறுதி ஆட்டம். இந்தியா 183. அதில் கிருஷ்ணமாச்சாரி ஸ்ரீகாந்தின் 38 தான் இரு பக்கமும் சேர்த்து அதிகபட்சம். ஆண்டி ராபர்ட்ஸின் பந்தை ஒற்றை முழங்காலில் நின்று அவர் எல்லைக்கு விரட்டியதை யாரோ ஒருவர் பார்த்துச் சொல்ல, நாம் கேட்டோம். இன்று அதே ஸ்ரீகாந்த் தமிழில் வர்ணனை சொல்கிறார்.

இடையில் நடந்தது என்ன என்பதில் பணத்துக்கும் நீதிமன்றத்துக்கும் பங்கு உண்டு. தொண்ணூறுகளின் தொடக்கம்வரை ஒளிபரப்பு என்றால் தூர்தர்ஷன் ஒன்றுதான். 1993 ஹீரோ கோப்பையின் ஒளிபரப்பு உரிமை பற்றிய வழக்கில் உச்ச நீதிமன்றம் 1995 பிப்ரவரி 9 அன்று தீர்ப்புச் சொன்னது: வான் அலைகள் பொதுச் சொத்து, அரசின் ஏகபோகம் அல்ல. அதன் பிறகு கிரிக்கெட் ஒளிபரப்பு என்பது ஏலப்பொருள். ஐபிஎல்லின் 2023 முதல் 2027 வரையான ஐந்து ஆண்டு ஒளிபரப்பு உரிமை விலைபோனது 48,390 கோடி ரூபாய்க்கு. அவ்வளவு பணம் போட்டவர்கள் ஆங்கிலமும் இந்தியும் தெரிந்த வீடுகளோடு நின்றுவிட முடியாது. தமிழுக்கு வாசல் திறந்தது மொழிப்பற்றால் அல்ல என்பதைச் சொல்லித்தான் ஆக வேண்டும்.

ஆனால் திறந்த வாசல் பெரிது. 2017-இல் ஸ்டார் ஸ்போர்ட்ஸ் தமிழ் வந்தது. ஆண்டில் சில நாட்கள் கேட்ட தமிழ், கோடை முழுக்க இரவு தவறாமல் கேட்கலாயிற்று. ஹேமங் பதானி, பத்ரிநாத், லட்சுமிபதி பாலாஜி என்று இந்தியாவுக்கு ஆடியவர்கள் அறையில் உட்கார்ந்து தமிழில் பேசுகிறார்கள். ஆர்.ஜே. பாலாஜி பண்பலை வானொலியிலிருந்து போனவர். பாவனா பாலகிருஷ்ணன் போன்ற பெண்கள் நிகழ்ச்சியை நடத்துகிறார்கள். அன்று ஒரு பந்துவீச்சாளர் ஏன் லெக் ஸ்லிப் கேட்கிறார் என்பதை வர்ணனையாளர் ஊகித்துச் சொன்னார். இன்று அதைக் கேட்டு நிறுத்தியவரே சொல்கிறார். 2020-21 ஆஸ்திரேலியப் பயணம் முடிந்த கையோடு அஸ்வின் யூடியூபில் உடைமாற்றும் அறைக் கதைகளைச் சொன்னதைக் கேட்டவர்களுக்கு இது புரியும். எண்பதுகளில் எங்களுக்கு அப்படி ஒரு வாய்ப்பு கனவில்கூட இல்லை. ரிவர்ஸ் ஸ்விங் என்றால் என்னவென்று தெரியாமலே வாசிம் அக்ரமுக்குப் பயந்த தலைமுறை எங்களுடையது. இப்போது வேங்கிக்காலில் ஆறாம் வகுப்புப் பையன் பந்தின் எந்தப் பக்கம் பளபளப்பு என்று விளக்கம் சொல்கிறான்.

இழந்தது எங்கே என்றால், அந்தப் பழைய இலக்கணத்தில். திரையில் எல்லாம் தெரிகிறது. ஆகவே சொல்ல வேண்டியதில்லை. ரிச்சி பெனோ தொலைக்காட்சிக்கு வைத்துக்கொண்ட விதி, படத்தோடு கூடுதலாக ஏதும் சொல்ல இருந்தால் சொல், இல்லாவிட்டால் சும்மா இரு என்பது. நம்மவர்கள் இரண்டில் முதல் பாதியை மட்டும் எடுத்துக்கொண்டார்கள், அதையும் தாராளமாக. நான்கு பேர் சேர்ந்தால் கேலி, சினிமா வசனம், பழைய சுற்றுப்பயணக் கதை, ஒருவர் காலை ஒருவர் வாருவது. நானும் ரசித்துச் சிரிப்பவன்தான். ஸ்ரீகாந்த் வாயைத் திறந்தால் சிரிக்காமல் இருக்க முடியாது. ஆனால் சிரித்து முடிக்கையில் இரண்டு பந்து போயிருக்கும். திரையை விட்டுத் தலையைத் திருப்பியவருக்கு அந்த இரண்டும் இல்லை.

பார்வை இல்லாதவர்களுக்கு இது சிறு குறை அல்ல. ரேடியோ காலத்தில் கண் தெரிந்தவரும் தெரியாதவரும் ஒரே ஆட்டத்தைத்தான் கேட்டார்கள். டீக்கடை பெஞ்சில் இருவருக்கும் ஒரே அளவு தகவல். தமிழுக்கு இத்தனை மணிநேரம் கூடிய பிறகு அவர்களுக்குக் கிடைப்பது கூட்டத்தின் ஆரவாரமும் நான்கு பேரின் சிரிப்பும். ஆகாசவாணி முற்றாக ஒதுங்கிவிட்டது என்றும் சொல்ல முடியாது. 2019 செப்டம்பரில் கிரிக்கெட் வாரியத்தோடு ஒப்பந்தம் போட்டு, ரஞ்சி ஆட்டங்கள்வரை நேர்முக வர்ணனை தருவதாக அறிவித்தது. ஆனால் பையில் கைபேசி இருக்கிறவன் முள்ளைத் திருப்பித் தேடமாட்டான். தேட முள்ளும் இல்லை.

எல்லா ஊரிலும் இப்படித்தான் ஆக வேண்டும் என்பதில்லை. 1950 கால்பந்து உலகக் கோப்பையில் மரக்கானா மைதானத்தில் இங்கிலாந்துக்கு எதிராக சார்ரா அடித்த கோலை ஸ்பெயின் தேசம் அறிந்தது மத்தியாஸ் பிராட்ஸ் என்ற வானொலிக்காரரின் குரலில். அங்கே தொலைக்காட்சி வர இன்னும் ஆறு ஆண்டு இருந்தது. ஆனால் தொலைக்காட்சி வந்தும் அங்கே வானொலி விளையாட்டு சாகவில்லை. காதேனா செர் நிலையத்தின் ‘கர்ருசெல் தெபோர்திவோ’ ஐம்பதுகளில் தொடங்கி இன்றும் ஓடுகிறது. காரணத்தை ஊகிப்பது கடினமில்லை. ஞாயிற்றுக்கிழமை மாலை ஒரே நேரத்தில் பல ஊர்களில் கால்பந்து. ஒரு திரையில் ஒரு மைதானம்தான் தெரியும், வானொலியோ ஓர் ஊரில் கோல் விழுந்ததும் அங்கே தாவி, அடுத்த நிமிடம் வேறு ஊருக்குப் போகும். நள்ளிரவை ஒட்டிய விளையாட்டுப் பேச்சு நிகழ்ச்சிகளில் ஹோசே மரியா கார்சியாவும் ஹோசே ராமோன் தெ லா மொரேனாவும் நேயர்களுக்காக ஆண்டுக்கணக்கில் மோதியது அங்கே தனி வரலாறு. நமக்கு வாய்த்த விளையாட்டு வேறு. ஒரு நாளில் ஒரு பெரிய ஆட்டம், தேசமே அதையே பார்க்கிறது. திரை ஒன்று போதும் என்றானபோது காதுக்கு வேலையில்லாமல் போனது.

வேலை இருக்கிற காதுகள் இல்லாமல் இல்லை. ஐபிஎல் நடக்கும் மாதங்களில் ஆட்சியர் அலுவலகத்திலிருந்து பேருந்து நிலையத்துக்கு மாலையில் ஆட்டோ பிடித்தால், ஓட்டுநரின் சட்டைப்பையில் கைபேசி பேசிக்கொண்டிருக்கும். அப்படி ஒருவரின் வண்டியில் போனபோது, ‘அடேங்கப்பா’ என்று நான்கு குரல் ஒன்றாகக் கேட்டது. பிறகு சிரிப்பு. வேலூர் சாலை நெரிசலில் கைபேசியை எடுத்துப் பார்க்க அவருக்கு வழியில்லை.

“சிக்ஸா, அவுட்டா?” என்றேன்.

“அத்த சொன்னாதான சார் தெரியும்? எல்லாம் சிரிச்சிக்கினே கீறாங்க.”

அவர் ஒரு வழி வைத்திருந்தார். ஆட்டம் சூடு பிடித்தால் வர்ணனையை நிறுத்திவிட்டு வீட்டுக்கு அழைப்பாராம்; ஏழாவது படிக்கும் மகன் தொலைக்காட்சி முன்னால் இருப்பான். அன்றும் அழைத்தார். ஸ்பீக்கரில் பையன் குரல் மூச்சுவிடாமல் வந்தது: “ப்பா, ரெண்டு ஓவர்ல இருபத்தொண்ணு வேணும்... ஓடி வரான்... குத்திப் போட்டான், இவன் பின்னாடி போயி இழுத்து அடிச்சான், மேல போவுது, டீப் மிட்விக்கெட்ல ஒருத்தன் ஓடி வரான், வரான், ஏய்... உட்டுட்டான்ப்பா! ரெண்டு ரன்னு. இன்னும் பத்தொம்போது.”