இழப்பீட்டுப் பட்டியலில் குலசாமி

சாலைக்கு நிலம் கேட்கப்படும் விவசாயக் குடும்பத்தைப் பற்றி எழுதும்போதெல்லாம் 'நம்பிக்கை × வளர்ச்சி' என்றொரு எதிர்வை முன்வைத்துவிடுகிறோம். அப்பன் பக்கம் சாமி, மகன் பக்கம் பணம். வசதியான கதையாடல்தான். ஆனால் அந்தக் குடும்பத்தைப் பிளப்பது எது என்ற கேள்வியை இது மறைத்துவிடுகிறது.

2018இல் அறிவிக்கப்பட்ட சேலம்–சென்னை எட்டுவழிச் சாலையைப் பார்ப்போம். ஐந்து மாவட்டங்கள், 277 கிலோமீட்டர். நிலமெடுப்பை 2019 ஏப்ரலில் சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. 2020 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் அறிவிக்கை செல்லும் என்றது. நிலமெடுக்கக் கையிலெடுத்த சட்டம் 1956ஆம் ஆண்டின் தேசிய நெடுஞ்சாலைகள் சட்டம். அதன்படி 21 நாளுக்குள் ஆட்சேபம் சொல்லலாம். "காட்டு மூலையில எங்க குலசாமி இருக்கு, பாட்டனைப் பொதச்சதும் அங்கதான்" என்று ஒருவர் எழுதித் தருவதாக வைத்துக்கொள்வோம். சட்டம் இதை எப்படி வாசிக்கும்? பரப்பு, மரம், கிணறு, கட்டடம் என்ற பட்டியலாகத்தான். கல் நட்ட மேடையும் அதில் ஓர் இனம். நம்பிக்கையைச் சட்டம் மறுப்பதில்லை, தொகையாக மாற்றிவிடுகிறது. தொகை தெரிந்த பிறகுதான் அண்ணன் தம்பிக்குள் சாமி சண்டையாகிறது.

ஒடிசாவின் நியம்கிரி மலையில் வேறு மாதிரி நடந்தது. பாக்சைட் சுரங்கம் வேண்டுமா என்ற முடிவை, 2006ஆம் ஆண்டின் வன உரிமைச் சட்டத்தின் அடிப்படையில், 2013 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் கிராமசபைகளிடம் விட்டது. 12 சபைகளும் மறுத்தன. டோங்ரியா கோந்துகளின் நியமராஜா அங்கே ஒரு சமூகத்தின் கூட்டுரிமையாகப் பேசினார். நம் வயலின் சாமியோ தனியார் பட்டாவுக்குள் அடைபட்டிருக்கிறது.

இங்கேதான் நாமும் விசாரணைக்கு உள்ளாக வேண்டும். குலசாமி ஆண்வழியில் இறங்குவது. தமிழகத்தில் 1989லும், நாடு முழுக்க 2005லும் வந்த சட்டத்திருத்தங்கள் குடும்பச் சொத்தில் மகளுக்குப் பங்கு தந்தன. பங்கு கேட்டு வருகிறவளிடம் "ஒன்னத்தான் கட்டிக்குடுத்தாச்சே, ஒனக்கு வேற சாமி" என்று சொல்லவும் இதே நம்பிக்கை உதவுகிறது. தலைமுறையாக அந்த வயலில் நாற்று நட்ட தலித் கூலிப் பெண்ணுக்குப் பட்டாவும் கிடையாது, அந்தச் சாமியிடத்தில் உரிமையும் கிடையாது.

சாமியை முன்னிறுத்திப் போராடுவதில் தவறில்லை. அந்தப் போராட்டத்தில் மகளும் கூலிக்காரியும் எங்கே நிற்கிறார்கள் என்று கேட்டாக வேண்டும். அவர்களுக்கு இடமில்லையென்றால் நாம் காப்பாற்றுவது பட்டாதாரரை மட்டுமே.