காய்க்குக் காவல் பக்கத்துச் செடி



சந்தைக் காயில் என்ன மருந்து அடித்தார்களோ என்று பயந்துதான் நாம் வீட்டுத் தோட்டம் போடுகிறோம். ஆனால் தக்காளியில் நாலு புழுவைப் பார்த்ததும் நாமே மருந்துக் கடைக்கு ஓடுகிறோம். மருந்து அடித்தால் அதன் வீரியம் குறையும்வரை காய் பறிக்கக் கூடாது. கொல்லையில் பறித்த காய் உடனே குழம்புக்குப் போகிறதே, யார் காத்திருக்கிறோம்? அதனால் கலந்து நடுங்கள். பக்கத்துச் செடி காவல் காக்கும்.

தக்காளியோடு செண்டுமல்லி: காய்ப்புழுவின் தாய்ப்பூச்சி செண்டுமல்லியைத் தேடிப்போய் முட்டையிடும். வேரில் முடிச்சு உண்டாக்கும் நூற்புழுவையும் இது கட்டுப்படுத்தும். ஒரு கூட்டத்தில் ஓர் அக்கா, "நானும்தான் செண்டுமல்லி வச்சேன், புழு குறையலையே!" என்றார். விசாரித்தால், தக்காளி காய்த்த பிறகு நட்டிருக்கிறார். தக்காளிக்கு 15 நாள் முன்பே செண்டுமல்லி விதைக்கணும். 25 நாள் தக்காளி நாற்றையும் 40 நாள் செண்டுமல்லி நாற்றையும் ஒரே நாளில் நட்டால் இரண்டும் சேர்ந்து பூக்கும். புழு விழுந்த மொட்டுகளை அவ்வப்போது பறித்து அழித்துவிடுங்கள். விட்டுவிட்டால் அதுவே புழுப் பண்ணையாகிவிடும்.

வெண்டையைச் சுற்றித் தட்டைப்பயறு: இதில் அசுவினி வரும், பயப்படாதீர்கள். அதைத் தின்னப் பொறிவண்டு வரும். வெண்டையில் உள்ள அசுவினியையும் அதுவே தின்னும். சின்ன முதலை போலக் கறுப்பாக, மஞ்சள் புள்ளியோடு ஊர்வது பொறிவண்டின் குஞ்சு. கெட்ட புழு என்று நசுக்கிவிடாதீங்க! தட்டைப்பயறு வேர் முடிச்சு மண்ணுக்குத் தழைச்சத்தும் தரும்.

கத்திரியோடு கொத்தமல்லி: நாலு செடியைப் பறிக்காமல் பூக்க விடுங்கள். அந்தப் பூந்தேனுக்கு நன்மை செய்யும் பூச்சிகள் வரும். ஆனால் தண்டுத் துளைப்பான் தாக்கி வாடிய நுனியை நம் கையால்தான் கிள்ளணும். கிள்ளியதை எருக்குழியில் போடாமல் எரித்துவிடுங்கள்.

ஒன்று மறக்க வேண்டாம். தக்காளி, கத்திரி, மிளகாய் மூன்றும் ஒரே குடும்பம். ஒன்றுக்கு வரும் வாடல் நோய் மற்றதற்கும் தாவும். ஒரே பாத்தியில் சேர்க்காதீர்கள். அடுத்த போகத்தில் அந்த இடத்தில் கீரையோ அவரையோ போடுங்கள்.

செலவு கொஞ்சம் விதைதான். இந்தப் பட்டத்தில் ஒரு பாத்தியிலாவது செய்து பார்த்து, குழுக் கூட்டத்தில் சொல்லுங்கள். நம்ம பிள்ளைங்க சாப்பிடுற காய் இது!