தமிழ்ப் பேசும் படத்தின் முதல் நாயகி பேசிய இடம் பம்பாய்!

நாடக மேடையிலிருந்து வந்த டி.பி. ராஜலட்சுமி

அணுசக்தி நகர்வாசிகள் மான்குர்டில் ரயிலேறி, குர்லாவிலும் தாதரிலும் வண்டி மாறினால் கிராண்ட் ரோடுக்குப் போய்விடலாம். அங்கிருந்து கென்னடி பாலம் நடக்கும் தூரம்தான். அந்தப் பாலத்தின் அருகே ஒரு காலத்தில் இம்பீரியல் பிலிம் கம்பெனியின் ஸ்டூடியோ இருந்தது. பிறகு அதற்கு ஜோதி ஸ்டூடியோ என்று பெயர் வந்தது. தமிழின் முதல் பேசும் படமான 'காளிதாஸ்' 1931-ல் அங்கேதான் உருவானது. அதில் தமிழில் பேசிப் பாடிய கதாநாயகி டி.பி. ராஜலட்சுமி, நாடக மேடையிலிருந்து வந்தவர்.

செம்பூர் என்றால் ராஜ்கபூரின் ஆர்.கே. ஸ்டூடியோ இருந்த இடம் என்பது எல்லோருக்கும் தெரியும். தமிழ்ப் பேசும் படத்தின் தொட்டிலும் இதே நகரில்தான் ஆடியது என்பதை அறிந்தவர்கள் குறைவு.

ஏழு வயதில் கல்யாணம்

திருவையாறு பஞ்சாபகேச ராஜலட்சுமி 1911-ல் தஞ்சை மாவட்டத்தில் பிறந்தார். தந்தை பஞ்சாபகேச சாஸ்திரி, ஊர்க் கர்ணம். அக்கால வழக்கப்படி ஏழெட்டு வயதிலேயே பெண்ணுக்குக் கல்யாணம் செய்து வைத்தார்கள். அந்த வாழ்வு நிலைக்கவில்லை. சீர்வரிசைத் தகராறில் குழந்தை பிறந்த வீட்டுக்கே திரும்பி வந்தாள். பெண்ணின் திருமண வயதைப் பதினான்காக நிர்ணயித்த சாரதா சட்டம் வந்ததோ 1929-ல்தான்.

தந்தையும் காலமானார். தாய் மீனாட்சி மகளோடு திருச்சிக்குக் குடிபெயர்ந்தார். வீட்டில் வருமானம் இல்லை. பெண்ணிடம் நல்ல குரல் இருந்தது. ஒரு முறை கேட்ட பாட்டைத் திருப்பிப் பாடும் ஞாபக சக்தி இருந்தது. அப்போது திருச்சியில் இருந்த சி.எஸ். சாமண்ணாவின் நாடகக் கம்பெனியில் சேர்ந்தபோது அவருக்கு வயது சுமார் பதினொன்று.

இன்று இதைப் படிப்பது சுலபம். அன்று ஒரு வைதிகக் குடும்பத்துப் பெண் கூத்துக் கொட்டகைக்குப் போவது என்றால், சொந்தபந்தம் வாசற்படி மிதிக்காது. நடிகையைப் பார்க்கப் பணம் கொடுத்து டிக்கெட் வாங்கியவர்களே, பகலில் அவளைத் தெருவில் கண்டால் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். ராஜலட்சுமிக்கும் அந்த விலக்கம் நேர்ந்தது. ஆனாலும் குடும்பத்துக்குச் சோறு போட்டது அந்த மேடைதான்.

மராத்திய மேடையின் நிலையும் அதுவே. பெண்கள் மேடையேறத் தயங்கிய அந்த நாளில் சகுந்தலையும் ருக்மிணியுமாக வந்து பம்பாய் ரசிகர்களை மயக்கியவர் பால கந்தர்வர் என்ற ஆண் நடிகர். தமிழ்நாட்டிலும் பாய்ஸ் கம்பெனிகளில் சிறுவர்களே பெண் வேடம் கட்டினார்கள்.

ஒத்திகை இல்லாத நாடகம்

அக்காலத்து 'ஸ்பெஷல் நாடகம்' என்பது தனிக் கலை. ஓர் ஊரில் நாடகம் நடத்த விரும்பும் காண்டிராக்டர், வள்ளிக்கு ஒருவர், முருகனுக்கு ஒருவர், நாரதருக்கு ஒருவர் என்று வெவ்வேறு ஊர்களிலிருந்து நடிகர்களை வரவழைப்பார். மாலையில் வந்து சேருவார்கள், இரவில் நாடகம். ஒத்திகை கிடையாது. சங்கரதாஸ் சுவாமிகள் எழுதிய 'வள்ளி திருமணம்', 'பவளக்கொடி', 'கோவலன்' போன்ற நாடகங்கள் எல்லோருக்கும் மனப்பாடம் என்பதால் வண்டி ஓடியது.

மேடையில் இருப்பது ஹார்மோனியமும் மிருதங்கமும்தான். மைக் இல்லை. கடைசி வரிசையில் தரையில் உட்கார்ந்திருப்பவனுக்கும் கேட்கும்படி உச்ச ஸ்தாயியில் பாட வேண்டும். எதிரே நிற்பவர் புத்தகத்தில் இல்லாத கேள்வி ஒன்றைத் தூக்கிப் போடுவார். அந்த நொடியே பதில் சொல்லியாக வேண்டும். தடுமாறினால் சபை சிரித்துவிடும். விடியும் வரை இப்படி நிற்பவர்களுக்குத்தான் அடுத்த ஊரிலிருந்து அழைப்பு வரும்.

இந்தப் பள்ளிக்கூடத்தில் தேர்ச்சி பெற்றவர் ராஜலட்சுமி. எஸ்.ஜி. கிட்டப்பா போன்ற பெரும் பாடகர்களுடன் ஈடுகொடுத்து நடித்தார். சுதந்திரப் போராட்ட காலம் அது. புராண நாடகத்தின் நடுவே கதரையும் ராட்டையையும் பற்றிய தேசபக்திப் பாட்டு வந்தால் கொட்டகை அதிரும். அப்படிப் பாடியதற்காக அவர் போலீஸ் நடவடிக்கைக்கு ஆளானதும் உண்டு என்பார்கள்.

பம்பாய்க்கு ஏன் வந்தார்?

மௌனப் படங்களிலும் அவர் நடித்திருக்கிறார். ஏ. நாராயணனின் 'கோவலன்' (1929) அவற்றில் ஒன்று. மௌனப் படத்துக்கு முகம் போதும். குரல் தேவைப்பட்டபோதுதான் நாடகக்காரர்களின் மதிப்பு உயர்ந்தது.

1931 மார்ச் 14 அன்று கிர்காமிலிருந்த மெஜஸ்டிக் தியேட்டரில் ஆர்தேஷிர் இரானியின் 'ஆலம் ஆரா' வெளியானது. இந்தியாவின் முதல் பேசும் படம்! (அந்தத் தியேட்டர் பின்னாளில் இடிக்கப்பட்டு, மெஜஸ்டிக் ஷாப்பிங் சென்டர் ஆகிவிட்டது.) அடுத்து தென்னாட்டு மொழிகளில் படம் எடுக்க இரானி முடிவு செய்தார். சென்னையில் அப்போது ஒலிப்பதிவு ஸ்டூடியோ இல்லை. அங்கே முதல் ஒலிப்பட ஸ்டூடியோ வந்தது 1934-ல்தான். எனவே தமிழ் நடிகர்கள் பம்பாய்க்கும் கல்கத்தாவுக்கும் ரயிலேற வேண்டியிருந்தது.

பின்னணிப் பாடல் என்பதே இல்லாத நேரம். நடிப்பவரே பாட வேண்டும். படமும் ஒலியும் ஒரே சமயத்தில் பதிவாகும். பாட்டில் ஒரு வார்த்தை பிசகினால் முழுவதையும் மீண்டும் எடுக்க வேண்டும். ரயில் தடத்துக்கு அருகில் இருந்த ஸ்டூடியோ என்பதால், 'ஆலம் ஆரா'வுக்கு வண்டிச் சத்தம் அடங்கிய நள்ளிரவுக்குப் பிறகே படம் பிடித்தார்களாம். இராக் கண்விழிப்பும் ஒரே மூச்சில் பாடுவதும் நாடக நடிகைக்குப் புதிதா என்ன?

எச்.எம். ரெட்டி இயக்கிய 'காளிதாஸ்' அப்படித்தான் உருவானது. ராஜலட்சுமி தமிழில் பேசினார், கதாநாயகன் பி.ஜி. வெங்கடேசன் தெலுங்கில் பதில் சொன்னார்! சிறு வேடத்தில் நடித்த எல்.வி. பிரசாத் பிற்காலத்தில் பெரிய தயாரிப்பாளரானார். படத்தில் தியாகராஜ கீர்த்தனையும் இருந்தது. தேசியப் பாடலும் இருந்தது.

1931 அக்டோபர் 31 அன்று சென்னை கினிமா சென்ட்ரலில் படம் வெளியானது. படப் பெட்டி சென்ட்ரல் ஸ்டேஷனில் வந்து இறங்கியபோது தேங்காய் உடைத்து, பூத்தூவி, வால்டாக்ஸ் ரோடு வழியாக ஊர்வலமாகக் கொண்டுபோனார்கள். மொழிக் கலவையைப் பற்றி ஜனங்கள் கவலைப்படவில்லை. திரையில் உருவம் தமிழ் பேசுகிறது என்பதே அவர்களுக்கு அதிசயம்.

காமிராவுக்குப் பின்னாலும்

1933-ல் கல்கத்தாவில் எடுத்த 'வள்ளி திருமணம்' பெரும் வெற்றி பெற்றது. அதில் வள்ளியாக நடித்தபோது, நாரதராக நடித்த டி.வி. சுந்தரத்தை ராஜலட்சுமி வாழ்க்கைத் துணையாக ஏற்றார். ஏழு வயதில் யாரோ முடித்துவைத்த கல்யாணம் முறிந்த பெண், தன் துணையைத் தானே தேர்ந்தெடுத்தார். 'சினிமா ராணி' என்ற பட்டப் பெயரும் அவருக்கு நிலைத்தது.

அத்தோடு அவர் நிற்கவில்லை. நாவல்கள் எழுதினார். தமது 'கமலவல்லி' நாவலை 'மிஸ் கமலா' என்ற பெயரில் 1936-ல் படமாக்கினார். கதை, தயாரிப்பு, டைரக்ஷன், நடிப்பு எல்லாம் அவரே. புராணப் படங்கள் கோலோச்சிய நாளில் அது ஒரு சமூகக் கதை. தென்னிந்தியாவின் முதல் பெண் டைரக்டர் அவரே. இந்திய அளவில் அவருக்கு முன்னோடி, 1926-ல் படம் இயக்கிய பாத்மா பேகம். அவரும் பம்பாயில் தொழில் செய்தவர். 1939-ல் 'மதுரை வீரன்' படத்தையும் ராஜலட்சுமி எடுத்தார்.

சொந்தப் படம் எடுத்தவர்களுக்கு வரும் சோதனை அவருக்கும் வந்தது. வாய்ப்புகள் குறைந்தன, சம்பாதித்த சொத்து கரைந்தது. கடைசிக் காலத்தில் பக்கவாதம் தாக்கியது. 1964-ல் சென்னையில் காலமானார்.

'காளிதாஸ்' படத்தின் பிரதி இன்று இல்லை. 'மிஸ் கமலா'வும் இல்லை. பத்திரிகை விளம்பரங்களும் சில புகைப்படங்களும்தான் மிச்சம். கொட்டகையின் கடைசி வரிசை வரை எட்டிய அந்தக் குரலை, அவரைப் புகழ்பெற வைத்த படத்தில் கேட்க நமக்குக் கொடுத்துவைக்கவில்லை.

அணுசக்தி நகரிலும் மாதுங்காவிலும் தாராவியிலும் பொங்கல் விழாவுக்கு நாடகம் போடும்போது, ஆபீஸ் போகும் பெண்களும் கல்லூரி மாணவிகளும் வேடம் கட்டுகிறார்கள். பெற்றோரே முன்வரிசையில் உட்கார்ந்து கைதட்டுகிறார்கள். இது தானாக வந்த மாற்றம் அல்ல. உறவை இழந்து, ஏச்சைக் கேட்டு, முதலில் மேடையேறிய சில பெண்கள் கொடுத்த விலை அது. அவர்களில் ஒருவர் இந்த ஊருக்கு ரயிலேறி வந்து, இங்கே நின்று தமிழ் பேசிவிட்டுப் போனார். கென்னடி பாலத்தைக் கடக்கும் தமிழர்கள் அதை நினைவில் வைத்துக்கொள்ளலாம்.