பட்டாளத்துக்காரர் கேட்ட நாற்காலி: கோபால் பாபா வலங்கர்



நல்லூரில் கூடியிருக்கும் நாம் இன்று பேச எடுத்துக்கொண்டவர் தமிழர் அல்லர். ஆனாலும் அவருடைய கதை நம் ஊராட்சி அலுவலகத்தின் வாசல்வரை வருகிறது.

கோபால் பாபா வலங்கர், கொங்கணத்தின் மகாட் நகருக்கு அருகிலுள்ள ராவ்தள் கிராமத்தில் மகார் குடும்பத்தில் பிறந்தவர். விக்டோரியா ராணியின் ஆட்சிக்காலத்தில் பிரிட்டிஷ் இந்தியப் படையில் சேர்ந்து, ஹவில்தாராகி, 1886இல் ஓய்வு பெற்றார்.

ஊருக்குள் தலைநிமிர்ந்து நடக்க முடியாத ஒருவருக்குப் பட்டாளம் என்ன கொடுத்தது? மாதச் சம்பளம், ஓய்வூதியம், சீருடை. எல்லாவற்றுக்கும் மேலாக எழுத்து. படைவீரர்களுக்கும் அவர்கள் பிள்ளைகளுக்கும் பட்டாளத்துப் பள்ளிகள் இருந்தன. அண்ணல் அம்பேத்கரின் தந்தை சுபேதார் ராம்ஜி சக்பால் அத்தகைய பள்ளியில்தான் தலைமையாசிரியராக இருந்தார். வெள்ளையரின் கருணையால் இது நடக்கவில்லை. அவர்களுக்குப் படை தேவைப்பட்டது, நம்மவர்களுக்குக் கல்வி தேவைப்பட்டது. கிடைத்த இடைவெளியில் நம்மவர்கள் நுழைந்தார்கள்.

ஓய்வு பெற்ற வலங்கர் சும்மா இருக்கவில்லை. ஜோதிராவ் புலேயின் சிந்தனையை ஏற்று, தீண்டப்படாதோரே இம்மண்ணின் பூர்வகுடிகள் என்று எழுதினார். 'தீனபந்து', 'சுதாரக்' இதழ்களில் அவர் எழுத்துகள் வெளிவந்தன. 1880களின் இறுதியில், தீட்டை ஒழிப்பது பற்றிய மராத்தி வெளியீடு ஒன்றில் உயர்சாதியினரை நோக்கி 26 கேள்விகளை வைத்தார். தபோலியில் ஓய்வுபெற்ற படைவீரர்களைத் திரட்டி, 'அநார்ய தோஷ பரிஹாரக் மண்டளி' என்ற அமைப்பையும் கண்டார். ஏறக்குறைய அதே காலத்தில், 1891இல், இங்கே அயோத்திதாசப் பண்டிதர் திராவிட மகாஜன சபையைத் தொடங்கினார். 1893இல் இரட்டைமலை சீனிவாசன் 'பறையன்' இதழை வெளியிட்டார். இரண்டு கரைகளிலும் ஒரே அலை எழுந்தது.

அந்த வேளையில்தான் பட்டாளத்தின் கதவு அடைபட்டது. 1857க்குப் பிறகு 'போர்க்குடி' என்ற கொள்கை வலுப்பெற்றது. சென்னைப் படைக்கும் பிறகு இந்தியப் படைக்கும் தலைமை வகித்த ராபர்ட்ஸ் பிரபு அதன் முதன்மையான ஆதரவாளர். 1890களின் தொடக்கத்தில் மகார்களைச் சேர்ப்பது நிறுத்தப்பட்டது. 1894இல் வலங்கர் அதை எதிர்த்து மனு எழுதினார். தாங்கள் முற்காலத்தில் சத்திரியர்கள் என்ற வாதமும் அதில் இருந்தது. பூர்வகுடி என்று எழுதிய கையே இதையும் எழுதியது. இதை முரண்பாடு என்று ஒதுக்கிவிட முடியாது. வீரத்தைப் பிறப்பால் அளக்கும் அரசிடம், அந்த அரசுக்குப் புரியும் மொழியில் பேச வேண்டியிருந்தது. அப்படிப் பேசும்போது சாதியின் அளவுகோலையும் சேர்த்து ஏற்கவேண்டி வருகிறது. இந்தப் பொறி இன்றும் நம் முன்னால் இருக்கிறது.

1895இல் அரசு அவரை மகாட் வட்ட உள்ளாட்சி வாரியத்தின் உறுப்பினராக நியமித்தது. உயர்சாதி உறுப்பினர்கள் அதை எதிர்த்தார்கள். ஒரு தீண்டப்படாதவர் தங்களோடு சமமாக அமர்ந்து சாலை, கிணறு பற்றி முடிவெடுப்பதை அவர்களால் பொறுக்க முடியவில்லை. 1900இல் வலங்கர் காலமானார். 1927 மார்ச்சில் அதே மகாட்டில், சவுதார் குளத்து நீரை அம்பேத்கர் அள்ளிப் பருகினார். ஓய்வுபெற்ற படைவீரர்கள் பண்படுத்தி வைத்த நிலம் அது.

வலங்கருக்கு எழுந்த எதிர்ப்பு பழங்கதை ஆகிவிடவில்லை. நம் கடலூர் மாவட்டத்தின் தெற்குத் திட்டையில், தலித் பெண் ஊராட்சித் தலைவர் கூட்டத்தில் தரையில் அமர்ந்திருந்த படம் 2020இல் நாடெங்கும் பரவியது. அன்று அரசு நியமித்தது, இன்று மக்கள் வாக்களித்துத் தேர்ந்தெடுக்கிறார்கள். நாற்காலி மட்டும் இன்னும் சாதியிடம் இருக்கிறது. இட ஒதுக்கீடு பதவியைத் தரும். அந்தப் பதவியில் அமர்வதற்கு அமைப்பு வேண்டும், கூட நிற்கும் ஆட்கள் வேண்டும். தபோலியில் வலங்கர் செய்தது அதைத்தான்.

மாணவர்களிடம் நாம் கேட்பது ஒன்றே. அடுத்த கிராமசபைக்கு உங்கள் ஊரில் போய் நில்லுங்கள். தலைவர் எங்கே அமர்ந்திருக்கிறார், கையெழுத்தை யார் போடுகிறார் என்று பாருங்கள். பார்த்ததை எழுதுங்கள்.