டப்பாவில் அத்தை

கொழுத்த அத்தை ஒருத்தி. மருமகன் வேலை பார்க்கும் இறைச்சி ஆலையைச் சுற்றிப் பார்க்க வந்தாள். வந்த இடத்தில் அரைவை எந்திரத்துக்குள் விழுந்துவிட்டாள். எந்திரத்தை நிறுத்தலாமா? நிறுத்தினால் உற்பத்தி என்ன ஆவது, முதலாளியின் கணக்கு என்ன ஆவது? நிறுத்தவில்லை. நூற்றைம்பது டப்பாக்களாக அத்தை வெளியே வந்தாள். மருமகன் அந்த டப்பாக்களை அடுக்கி எடுத்துக்கொண்டு வீடு போய்ச் சேர்ந்தான்!

சிரிப்பு வருகிறதா? இத்தாலி நாட்டு மக்களுக்கும் வந்தது. 1962 ஆம் ஆண்டில், அந்நாட்டு அரசுத் தொலைக்காட்சியான 'ராய்' நிறுவனத்தின் பெட்டியில் அவர்கள் கண்ட காட்சி இது. 'கன்சோனிசிமா' என்று ஒரு நிகழ்ச்சி. பாட்டுப் போட்டியும் பரிசுச் சீட்டும் கலந்த கேளிக்கை. வீட்டில் பெட்டி இல்லாதவர்கள் காப்பிக் கடைகளில் கூடிப் பார்த்த காலம். பாட்டுக்கு நடுவே நாலு பேரைச் சிரிக்க வைக்க ஆள் வேண்டும் என்று அழைத்து வந்தார்கள் தாரியோ ஃபோ என்ற நடிகரையும், அவருடைய மனைவி ஃபிராங்கா ராமேயையும். சிரிக்க வையுங்கள் என்றார்கள்; அவர்களும் சிரிக்க வைத்தார்கள். ஆனால், எதைக் கண்டு சிரிப்பது என்பதை அவர்களே முடிவு செய்தார்கள். அங்கேதான் வந்தது வினை!

ஆலைத் தொழிலாளி என்ற ஒருவன் இருக்கிறான் என்பதே அதுவரை அந்தக் கேளிக்கை மேடைக்குத் தெரியாது. காதலன் உண்டு, காதலி உண்டு, நிலா உண்டு, கடற்கரை உண்டு. எந்திரம் கிடையாது, எந்திரத்தில் கையை விட்டவன் கிடையாது. ஃபோ அவனைக் கூட்டி வந்து நடுக்கூடத்தில் நிறுத்தினார். அடுத்தபடியாக, மாஃபியாக் கொலைகாரர்கள் ஒரு பத்திரிகைக்காரனைத் தீர்த்துக்கட்டுவதைப் பற்றி ஒரு குட்டி நாடகம். சிசிலி மக்களின் மானம் போயிற்று என்று பாராளுமன்றத்தில் கூச்சல் கிளம்பியது. கொன்றுவிடுவோம் என்று ஃபோ குடும்பத்துக்கு மிரட்டல்களும் வந்தன. மானம் போனது கொன்றவனால் அல்லவாம், கொன்றான் என்று சொன்னவனால்! இந்த நியாயத்தை நாம் வேறு பல ஊர்களிலும் கேட்டதுண்டு.

ஏழு வாரம் ஓடியது. எட்டாவது வாரத்துக்கு ஃபோ எழுதிக் கொடுத்தது ஒரு கட்டட முதலாளியின் கதை. பாதுகாப்புச் சாதனங்களுக்குக் காசு செலவழிக்க மனம் வராத முதலாளி; உயரத்திலிருந்து விழுந்து சாகிற கூலியாள். அந்த நாளில் மிலான் நகரம் வானத்தை நோக்கி வளர்ந்துகொண்டிருந்தது. தெற்கேயிருந்து பிழைக்க வந்த ஏழைகள் சாரத்தில் ஏறினார்கள். சிலர் இறங்கவே இல்லை. கட்டடத் தொழிலாளர் போராட்டமும் அப்போது நடந்துகொண்டிருந்தது. ராய் அதிகாரிகள் ஏட்டைப் பார்த்தார்கள், நெற்றியைச் சுருக்கினார்கள், வெட்டு என்றார்கள்.

வெட்டியிருக்கலாம். ஒரு குட்டி நாடகந்தானே! வேறொன்று எழுதிக் கொடுத்துவிட்டு, அடுத்த வாரமும் அதற்கடுத்த வாரமும் பெட்டியில் சிரித்த முகத்தோடு தோன்றியிருக்கலாம். பணத்துக்குக் குறைவில்லை, தெருவில் நடந்தால் கூட்டம் கூடுகிற புகழுக்கும் குறைவில்லை. 1962 நவம்பர் 29 ஆம் நாள், ஒளிபரப்புக்குச் சில மணி நேரமே இருக்கையில், கணவனும் மனைவியும் எழுந்து வெளியே நடந்துவிட்டார்கள்.

அன்று அடைத்த கதவு 1977 ஆம் ஆண்டு வரை திறக்கவில்லை. வழக்கு வேறு. பதினான்கு ஆண்டுகளுக்கு மேல், இத்தாலியின் மிகப் பெரிய சிரிப்பு நடிகருக்கு இத்தாலியத் தொலைக்காட்சியில் இடமில்லை! செத்துப்போன ஒரு கொத்தனுக்காக, அதுவும் கற்பனைக் கொத்தனுக்காக, இத்தனை விலை கொடுத்த நடிகர்கள் எத்தனை பேர் என்று எண்ணிப் பாருங்கள், தோழர்களே!

யார் இந்த ஃபோ? வடக்கு இத்தாலியில், மஜ்ஜோரே ஏரிக்கரைச் சிற்றூர் ஒன்றில் 1926 மார்ச் 24 இல் பிறந்தவர். தந்தை இரயில் நிலைய அதிகாரி, சோஷலிஸ்டு, ஓய்வு நேரத்தில் நாடகம் போடுகிறவர். பாட்டனார் காய்கறி விற்றவர். விற்கும்போதே கதை சொல்லி வாங்குவோரைச் சிரிக்க வைத்தவர். ஏரிக்கரை மீனவர்களும் கண்ணாடி ஊதும் தொழிலாளர்களும் அளந்த கதைகளே பையனுக்குப் பள்ளிக்கூடம். மிலானில் ஓவியமும் கட்டடக் கலையும் படித்தார். வீடு கட்டப் போகாமல் மேடைக்குப் போனார்.

ஒன்றை மறைத்து எழுத நமக்கு மனமில்லை. பதினெட்டு வயதில், முசோலினி வடக்கே நடத்திய பொம்மை ஆட்சியின் படையில் ஃபோ சேர்ந்திருந்தார். நாடு கடத்தப்படுவதிலிருந்து தப்பவே சேர்ந்தேன் என்று பின்னாளில் விளக்கினார். விளக்கத்தை ஏற்றவர்களும் உண்டு, ஏற்காதவர்களும் உண்டு. எதிரிகள் கடைசி வரை இந்தக் கல்லைத்தான் எடுத்து எடுத்து எறிந்தார்கள்.

1950களின் தொடக்கத்தில் வானொலியில் தனியாளாய்ப் பேசினார். வேதக் கதைகளையும் வரலாற்றுக் கதைகளையும் தலைகீழாகப் புரட்டி, தோற்றவன் பக்கம் நின்று சொன்னார், வானொலியார் நிறுத்தினர். 1954 இல் ஃபிராங்கா ராமேயை மணந்தார். அந்த அம்மையார் ஊர் ஊராய்க் கூத்து நடத்திய குடும்பத்தின் மகள். பிறந்து எட்டாம் நாளே தாயின் கையில் மேடையேறியவர். மேடையின் நெளிவு சுளிவு ஃபோவைவிட அவருக்கு நன்றாகத் தெரியும். ஃபோவின் பெயரில் புகழ்பெற்ற பல நாடகங்களில் அவருடைய கை பாதி. பரிசு ஒருவருக்கும் பாடு இருவருக்குமாய்ப் போனது பற்றி நமக்கு ஒரு மனக்குறை உண்டு.

தொலைக்காட்சி துரத்தியபின் ஃபோ பட்டினி கிடக்கவில்லை. மிலானின் பெரிய அரங்குகள் நிரம்பி வழிந்தன. முன்வரிசையில் யார்? மென்மயிர்ப் போர்வையும் வைரத் தோடும். அவர்களைப் பற்றியே கேலி, அவர்களுக்கே சிரிப்பு! சிரித்து முடித்துக் காரில் ஏறிப் போய்விடுவார்கள். இது என்ன பிழைப்பு என்று கணவனுக்கும் மனைவிக்கும் தோன்றிற்று. 1968 இல் அந்த அரங்குகளை உதறினார்கள். புதிய குழு அமைத்து, இத்தாலியப் பொதுவுடைமைக் கட்சியின் பண்பாட்டு அமைப்போடு சேர்ந்து, 'மக்கள் இல்லங்கள்' எனப்படும் தொழிலாளர் மன்றங்களுக்குப் போனார்கள். சீட்டாடுகிற மேசை, மது வைக்கிற பலகை, அதற்கு நடுவே மேடை. நாடகம் முடிந்தால் கூட்டம் கலையாது. தொழிலாளி எழுந்து பேசுவான்: இது சரி, இது தவறு, எங்கள் ஆலையில் இப்படி நடக்காது என்பான். கேட்டுக்கொண்டு ஏட்டைத் திருத்துவார்கள். அந்த விவாதத்துக்கு 'மூன்றாம் அங்கம்' என்றே பெயர்!

இங்கேதான் நம் தோழர்கள் சிலர் முகம் சுளிக்கக்கூடும். ஏனெனில், முதலாளியைக் குத்திய அதே ஊசியால் கட்சித் தலைமையையும் குத்தினார் ஃபோ. சமரசம் செய்கிறார்கள், அதிகாரிகளைப் போல் நடக்கிறார்கள் என்று கட்சி மன்றத்து மேடையிலேயே நின்று கேலி செய்தார். கட்சிக்குக் கோபம் வந்தது. இடம் கிடைப்பது குறைந்தது. 1970 இல் பிரிந்து போய்த் தனிக்குழு கண்டார். யார் பக்கம் நியாயம்? கட்டுப்பாடு இன்றிக் கட்சி இல்லை என்பதை நாமும் அறிவோம். ஆனால், ராய் அதிகாரி 'வெட்டு' என்றபோது கைதட்டி ஃபோவை வாழ்த்திய நாம், நம்முடைய ஆளே 'வெட்டு' என்னும்போது மட்டும் கோமாளிக்கு அடக்கம் போதிக்கப் போவது எப்படி? நமக்குப் பதில் எளிதாகக் கிடைக்கவில்லை. படிக்கிற தோழர்கள் கிளை மன்றத்தில் பேசிப் பார்க்கட்டும்.

அவருடைய தலைசிறந்த ஆக்கம் எது என்று கேட்டால், 1969 இல் தொடங்கிய 'மிஸ்தேரோ புஃபோ' என்றுதான் நாம் சொல்வோம். திரை இல்லை, ஒப்பனை இல்லை, பின்னணி இல்லை. கறுப்புச் சட்டை அணிந்த ஓர் ஆள். இலாசரை இயேசு உயிர்ப்பிக்கும் காட்சி. நடிப்பது ஒருவர், தெரிவது பெருங்கூட்டம்! நாற்காலி வாடகைக்கு விடுகிறவன் ஒருவன், மீன் விற்கிறவன் ஒருவன், இடித்துத் தள்ளுகிறவன் ஒருவன், அற்புதத்தைப் பார்த்து வாய் பிளந்தவனின் பையில் கைவிடுகிறவன் ஒருவன். எட்டாம் போனிஃபேஸ் என்ற போப்பாண்டவர் வருகிறார். தொப்பியும் மோதிரமும் மேலங்கியுமாகத் தம்மை அலங்கரித்து மாளாது. எதிரே சிலுவை சுமந்து வருகிறார் இயேசு. ஆடம்பரத்தைக் களைந்து அவசர அவசரமாகப் பக்தி வேடம் போடுகிறார் போப். இயேசு கொடுத்தது ஆசி அல்ல, ஓர் உதை!

அடுத்த ஆண்டு டிசம்பரில் மேடையேறியது 'ஓர் அராஜகவாதியின் தற்செயல் மரணம்'. மிலான் வங்கியொன்றில் 1969 டிசம்பர் 12 ஆம் நாள் குண்டு வெடித்தது, பலி பதினேழு. காவல்துறை பிடித்தவர்களில் ஒருவர் பினெல்லி, இரயில்வேத் தொழிலாளி, அராஜகக் கொள்கையினர். சட்டம் அனுமதித்த நேரத்தையும் கடந்து காவலில் வைத்தார்கள். 15 ஆம் நாள் நள்ளிரவையொட்டித் தலைமையகத்தின் நான்காம் மாடிச் சன்னல் வழியாகக் கீழே விழுந்து மாண்டார். குற்றமற்றவர் என்பது பின்னர் தெளிவாயிற்று. விழுந்தாரா, குதித்தாரா, தள்ளப்பட்டாரா? வேளைக்கொரு விளக்கம் வந்தது. ஃபோ என்ன செய்தார்? ஒரு பைத்தியக்காரனை நீதிபதி வேடத்தில் காவல் நிலையத்துக்குள் அனுப்பினார். அதிகாரிகள் சொன்ன பொய்களையே அவர்களை நடித்துக் காட்டச் சொல்கிறான் அந்தப் பைத்தியக்காரன். ஒரு பொய் மற்றொரு பொய்யின் காலை வாரி விடுகிறது. அழவேண்டிய இடத்தில் அரங்கம் வயிறு குலுங்கச் சிரித்தது. 1975 இல் விசாரணை நீதிபதி அளித்த முடிவு இது: கொலையும் அல்ல, தற்கொலையும் அல்ல, உடல் நிலைகுலைந்து தானே விழுந்தார்! ஃபோ எழுதியிருந்தால் மிகைப்படுத்துகிறார் என்றிருப்பார்கள்.

சிரிப்புக்குப் பழி வாங்கினார்கள். 1973 மார்ச்சில் பாசிஸ்டுக் கும்பல் ஒன்று ஃபிராங்கா ராமேயை மிலான் தெருவில் கடத்திச் சென்று மானபங்கம் செய்தது. சில மாதம் ஒதுங்கியிருந்து மீண்டும் மேடையேறினார் அந்த வீராங்கனை. தமக்கு நேர்ந்ததையே பின்னர் ஓரங்கமாக நடித்தும் காட்டினார். அதே ஆண்டு நவம்பரில், அரங்குக்குள் போலீசை விட மறுத்ததற்காகச் சார்தீனியாத் தீவில் ஃபோவைக் கைது செய்தார்கள். அமெரிக்கா இருமுறை நுழைவு அனுமதி மறுத்தது.

1974 இல் 'கொடுக்க முடியாது, கொடுக்க மாட்டோம்' என்ற நாடகம். விலை ஏறிய கடையில் பெண்கள் பொருளைச் சூறையாடி, மேலங்கிக்குள் மறைத்துக் கர்ப்பிணிகள் போல நடக்கிறார்கள். ஒருத்தியின் கணவன் கட்சித் தோழன். திருட்டுச் சோற்றைவிடப் பட்டினி மேல் என்கிற ஒழுங்குக்காரன். அவனுக்கு நாய்த் தீனியையும் பறவைத் தீனியையும் சமைத்துப் போடுகிறாள்! சிரித்தவர்கள் எல்லாரும் தொழிலாளிகள். பலர் கட்சித் தோழர்கள். தங்கள் வீட்டுக் கதை அல்லவா?

1977 ஏப்ரலில் ராய் கதவு திறந்தது. 'மிஸ்தேரோ புஃபோ' நாடெங்கும் ஒளிபரப்பாயிற்று. தொலைக்காட்சி வரலாற்றிலேயே இத்தனை பெரிய தெய்வநிந்தனை நடந்ததில்லை என்று வத்திக்கான் சீறிற்று. அதைவிட நல்ல விளம்பரம் எந்த நடிகனுக்குக் கிடைக்கும்!

1997 அக்டோபர் 9. ஃபோ நெடுஞ்சாலையில் காரில் போய்க்கொண்டிருந்தார். அதுவும் ஒரு தொலைக்காட்சி நிகழ்ச்சிக்கான படப்பிடிப்பு. பக்கத்தில் வந்த கார் ஒன்றிலிருந்து அட்டையொன்றைத் தூக்கிக் காட்டினார்கள்: உமக்கு நோபல் பரிசு! இலக்கியப் பரிசு ஒரு கோமாளிக்கா என்று கற்றோர் அவையில் முணுமுணுப்பு. வத்திக்கான் ஏடு வியப்பைத் தெரிவித்தது. ஸ்டாக்ஹோமில் ஏற்புரை ஆற்றப்போனவர் தாம் வரைந்த படங்களை அவையோருக்குக் கொடுத்துவிட்டுப் பேசினார். 1221 இல் இரண்டாம் ஃபிரடெரிக் மன்னன் போட்ட சட்டத்தை நினைவூட்டினார். ஊர்சுற்றும் கூத்தாடியை எவனும் அடிக்கலாம், குற்றமில்லை என்பது அந்தச் சட்டம். பரிசுப் பணத்தில் உடல் ஊனமுற்றோருக்கான வண்டிகள் வாங்கிக் கொடுத்தார்கள் கணவனும் மனைவியும்.

ராமே 2013 மே 29 இல் மறைந்தார். ஃபோ 2016 அக்டோபர் 13 இல், தொண்ணூறு வயதில். மிலான் பேராலயத்தின் முன்னுள்ள சதுக்கத்தில் கொட்டும் மழையில் மக்கள் குடை பிடித்து நின்று விடை கொடுத்தார்கள்.

2024 பிப்ரவரி 16 ஆம் நாள், ஃபுளோரன்ஸ் நகரில் ஒரு பெரிய கடைக்காகக் கட்டிக்கொண்டிருந்த கட்டடம் இடிந்து விழுந்தது. ஐந்து தொழிலாளர்கள் மாண்டார்கள்.