இறங்கும் நகரம்

மெக்சிகோ நகரில் 1910இல் எழுப்பிய சுதந்திர தேவதைத் தூணுக்குப் பின்னாளில் 14 படிகள் கூடுதலாகக் கட்ட வேண்டிவந்தது. ஆழ அடித்தளம் போட்ட தூண் அப்படியே நிற்கிறது. சுற்றியுள்ள தெருதான் இறங்கிப்போனது.

நகரம் நிற்பது ஏரிப் படுகையில். 1325 வாக்கில் டெஸ்கோகோ ஏரித் தீவொன்றில் ஆஸ்டெக்குகள் குடியேறினார்கள். 1449 வெள்ளத்துக்குப் பின் நெசவால்கோயோட்ல் என்ற அரசர் அமைத்துக்கொடுத்த சுமார் 16 கிலோமீட்டர் நீளக் கரை வெள்ளத்தைத் தடுத்தது. உப்பு நீர் நன்னீரில் கலக்காமலும் காத்தது. 1521இல் நகரைப் பிடித்த ஸ்பானியர்களுக்கு ஏரியோடு வாழத் தெரியவில்லை, அதை வடித்துவிடவே முனைந்தார்கள். 1607இல் மலையைக் குடைந்து வடிகால் வெட்டினார்கள். அப்படியும் 1629இல் வந்த வெள்ளம் ஐந்து ஆண்டுகள் நகரைவிட்டுப் போகவில்லை. அதற்குப் பிறகும் வடிக்கும் முயற்சி நிற்கவில்லை. 1900இல் பெருங்கால்வாய் ஒன்றும் திறக்கப்பட்டது.

ஏரி போனதும் குடிநீருக்கு நிலத்தைத் துளைத்தார்கள். படுகையின் களிமண் நீரை உண்டு புடைத்திருப்பது. அடியிலுள்ள நீரை உறிஞ்சினால் அது அமுங்கும். நிலம் இறங்கக் கிணறுகளே காரணம் என்று பொறியாளர் நபோர் கரிய்யோ 1940களிலேயே காட்டிவிட்டார். இருந்தும் 20ஆம் நூற்றாண்டில் நகர மையம் சில இடங்களில் 9 மீட்டர் வரை இறங்கியது. பெருங்கால்வாய் வாட்டம் இழந்தது. தானாக ஓடிய கழிவுநீரை இன்று பம்பு வைத்துத் தள்ளுகிறார்கள். நிலம் ஒரே சீராக இறங்காததால் குழாய்கள் விரிசல் விடுகின்றன. ஆயிரம் மீட்டருக்கு மேல் ஏற்றி, கட்ஸமாலா திட்டத்தின் வழியே மலை தாண்டிக் கொண்டுவரும் நீரும் இந்தக் குழாய்களில்தான் ஓடுகிறது. விநியோகிக்கும் நீரில் சுமார் 40 சதவீதம் வழியிலேயே ஒழுகிவிடுகிறது.

கிணறுகளை மூடினால் போதாதா? 1950களில் மையத்தில் அதைத்தான் செய்தார்கள். அங்கே இறக்கம் மட்டுப்பட்டது. ஆனால் இறங்கிய மண் எழவில்லை. அமுங்கிய களிமண்ணுக்கு மறுபடி நீர் காட்டினாலும் பழைய கனத்துக்கு அது திரும்பாது. தாகமும் தீரவில்லை. புதுக் கிணறுகள் சால்கோ உள்ளிட்ட தெற்குப் பகுதிகளுக்குப் போயின, இறக்கமும் கூடவே போனது. அங்கே சில இடங்களில் ஆண்டுக்கு 40 சென்டிமீட்டர் வரை பதிவாகியிருக்கிறது. பள்ளமான இடத்தில் மழைநீர் தேங்கிப் புதிதாக ஓர் ஏரியே உருவாகிவிட்டது.

2024இன் முற்பகுதியில் கட்ஸமாலா அணைகளில் நீர் குறைந்து, குடிநீரை முறை வைத்து விட்டார்கள். அதே ஆண்டு ஆகஸ்டில் சால்கோவின் தெருக்களில் புகுந்த கழிவுநீர் பல வாரங்கள் வடியவில்லை.