ஆவடிக் களிமண்ணும் ஆதி மனிதனும்

சென்ட்ரலில் ரயிலேறித் திருவள்ளூர் மார்க்கமாகப் போகிறவர்களுக்கு ஆவடி என்றதும் டாங்கித் தொழிற்சாலை ஞாபகத்துக்கு வரும். பூமியின் சரித்திரத்தை ஆராயும் நிபுணர்களுக்கோ ஆவடி என்பது ஒரு மண்ணின் பெயர்!

இந்தப் பக்கத்தில் நிலத்தடியே ஏடு ஏடாகப் படிந்திருக்கும் பழைய களிப்பாறைக்கு 'ஆவடிப் படிவம்' என்று நாமகரணம் செய்திருக்கிறார்கள். டைனோசர்கள் நடமாடிய காலத்து மண் அது. வயது 10 கோடி வருஷத்துக்கும் மேலே! அப்போது மனிதனே கிடையாது.

இந்த மண்ணை வைத்து ஒரு துப்பறியும் கதையே நடந்திருக்கிறது, கேளுங்கள்.

1863-ம் வருஷம் மே மாதம் 30-ந் தேதி. எங்கே என்ன பாறை, என்ன மண் என்று படம் வரைவதற்காகப் புறப்பட்ட பூகர்ப்ப இலாகா உத்தியோகஸ்தர் ராபர்ட் புரூஸ் பூட், பல்லாவரத்தில் ஒரு கல்லைக் கண்டெடுத்தார். இயற்கையாக உடைந்த கல் அல்ல. மனிதன் கையால் செதுக்கிய ஆயுதம்! அதே வருஷம் செப்டம்பரில், சகாவான வில்லியம் கிங்குடன் பூண்டிக்கு அப்பாலுள்ள அத்திரம்பாக்கத்துக்குப் போனார். அங்கே அத்தகைய கற்கள் ஏராளம்.

ஆனால் அவற்றின் வயது என்ன? கல் வாய் திறந்து சொல்லுமா?

அத்திரம்பாக்கத்தில் மேலே சரளை, அடியிலே களிமண். "அடியில் உள்ளது ஆவடிக் களி, அதில் மனிதச் சின்னம் இருக்க நியாயமில்லை" என்றே நெடுங்காலம் எண்ணியிருந்தார்கள். 1999-ல் சாந்தி பப்புவின் குழுவினர் அகழ்வாராய்ச்சி தொடங்கி, அந்தக் களிமண்ணையும் தோண்டிப் பார்த்தார்கள். என்ன ஆச்சரியம்! அதற்குள்ளேயும் கற்கோடரிகள்! மனிதன் செய்த ஆயுதம் டைனோசர் காலத்து மண்ணில் எப்படி இருக்கும்? ஆகவே அது ஆவடிக் களியே அல்ல. பிற்காலத்தில் வெள்ளம் கொண்டுவந்து படிய வைத்த மண்.

அப்படியானால் அதன் வயது? அதையும் கல்லே சொல்லிற்று. வெட்டவெளியில் கிடக்கும் படிகக் கல்லில், ஆகாயத்திலிருந்து வரும் காஸ்மிக் கதிர்கள் தாக்கி இரண்டு அபூர்வ அணுக்கள் உண்டாகின்றன. ஒன்று அலுமினியம்-26, மற்றது பெரிலியம்-10. கல் ஆழப் புதைந்துவிட்டால் புது அணுக்கள் அநேகமாகச் சேர்வதில்லை. இருப்பது அழிய ஆரம்பிக்கும். முன்னது சுமார் 7 லட்சம் வருஷத்தில் பாதியாகும்; பின்னது பாதியாக அதைப் போல் இரு மடங்கு காலம் ஆகும். வேறு வேறு வேகத்தில் எண்ணெய் வற்றும் இரண்டு அகல் விளக்குகளைப் போல! மிச்சத்தை ஒப்பிட்டால் கல் புதைந்த காலம் தெரிந்துவிடும்.

2011-ல் வெளியான விடை: சுமார் 15 லட்சம் வருஷம்! அந்தக் கோடரியைச் செய்தவன் நம் இனத்து மனிதன்கூட அல்ல, நமக்கும் முந்தியவன்.

நேயர்களே, ஒன்றைக் கவனித்தீர்களா? களிமண்ணின் வயதைப் பற்றிய தப்பைத் திருத்தியது, அதற்குள் இருந்த இடத்திலேயே இருந்த கல். யாராவது அதை முன்பே தோண்டி எடுத்துக்கொண்டு போயிருந்தால், அது வெறும் கல், சாட்சி அல்ல. பூண்டிப் பக்கம் போனால் அங்குள்ள பொருட்காட்சி சாலையில் இந்த ஆயுதங்களைக் கண்குளிரப் பாருங்கள். ஆனால் வயலிலோ ஓடைக்கரையிலோ செதுக்கிய கல்லைக் கண்டால், ஞாபகார்த்தமாக வீட்டுக்குக் கொண்டுவந்துவிடாதீர்கள். இருந்த இடத்திலேயே விட்டுவிட்டு, தொல்பொருள் இலாகாவுக்குத் தகவல் சொல்லுங்கள். அதன் கதை அந்த மண்ணோடு ஒட்டியிருக்கிறது!